பழனிக்குப் பத்து கிலோமீட்டர்... சைக்கிளில் போகலாமா?

காலை ஆறு மணி. நெய்க்காரப்பட்டி இன்னும் முழுசாக விழிக்கவில்லை. டீக்கடை பாய்லர் சூடேறிவிட்டது. பழனி டவுன் பஸ்ஸுக்காக நாலைந்து பேர் நிற்கிறார்கள். கேரியரின் இரண்டு பக்கமும் பால் கேன் தொங்க, பழைய ராடு பிரேக் சைக்கிளில் ஒருவர் கிழக்கே கிளம்புகிறார். ஊரைத் தாண்டியதும் பின்னால் கரும்பு டிராக்டர் சத்தம். டிரெய்லருக்கு வெளியே ஆளுயரத்துக்குக் கரும்பு பிதுங்கிக்கொண்டு வருகிறது. அவர் திரும்பிப் பார்ப்பதே இல்லை. சத்தத்தை வைத்தே தூரத்தைக் கணக்குப் போட்டு இடதுபுறம் ஒதுங்குகிறார். வினை அங்கேதான் காத்திருக்கிறது. தார் முடிந்து மண் தொடங்கும் இடத்தில் நாலு விரல் பள்ளம். முன்சக்கரம் விளிம்பைத் தொடுவதற்குள் இடதுகாலை மண்ணில் ஊன்றி நின்றுவிடுகிறார். கரும்புத் தோகை தோளைத் தடவிக்கொண்டு போகிறது. டிராக்டர் கடந்ததும் சைக்கிளைக் கையால் தூக்கித் தார்மேல் வைக்கிறார், ஏறுகிறார், மிதிக்கிறார்.

அந்த நாலு விரல் பள்ளத்தில் விழாமல் பழனிக்குப் போய்த் திரும்புவது எப்படி என்பதுதான் இந்தக் கட்டுரை. சைக்கிள் உடம்புக்கு நல்லது, சுற்றுச்சூழலுக்கு நல்லது என்பதையெல்லாம் எல்லாரும் சொல்லியாயிற்று. பளபளக்கும் ஹெல்மெட்டும் கியர் சைக்கிளுமாக ஞாயிற்றுக்கிழமை காலையில் கிழக்குக் கடற்கரைச் சாலையில் போகிறவர்களுக்கு வழிகாட்ட நிறையப் பேர் இருக்கிறார்கள். கறுப்பு சைக்கிளில் கடைக்கும் காலேஜுக்கும் கூலி வேலைக்கும் போகிறவர்களுக்குத்தான் யாரும் எதுவும் சொல்வதில்லை.

மாதம் ஆயிரம் ரூபாய்

முதலில் காசுக் கணக்கைப் பார்த்துவிடலாம். பழனிக்குப் போய் வர ஏறத்தாழ இருபது கிலோமீட்டர். லிட்டருக்கு ஐம்பது கிலோமீட்டர் கொடுக்கும் பைக் என்றாலும் நாளுக்கு 400 மில்லி பெட்ரோல். லிட்டர் நூறு ரூபாய் என்று வைத்தாலே நாளுக்கு நாற்பது, 25 வேலை நாளுக்கு ஆயிரம். இதில் ஆயில், சர்வீஸ், இன்ஷூரன்ஸ் எதுவும் சேரவில்லை. கியர் இல்லாத சாதாரண சைக்கிளின் விலை அரை வருடத்துப் பெட்ரோல் செலவை ஒட்டித்தான் வரும். 2025 செப்டம்பரில் சைக்கிளுக்கும் உதிரிபாகங்களுக்கும் ஜிஎஸ்டி 12 சதவீதத்திலிருந்து 5 சதவீதமாகக் குறைந்தது. கடையில் பில் கேட்டு வாங்கினால் அந்தக் குறைப்பு உங்கள் கைக்கு வந்ததா என்பது தெரியும்.

பெண்களுக்கு இந்தக் கணக்கு வேறு. 2021 மே மாதத்திலிருந்து டவுன் பஸ்ஸில் அவர்களுக்கு டிக்கெட் இல்லை. பஸ் இலவசமாகக் கிடைக்கும்போது எதற்கு மிதிப்பது என்று கேட்டால், நியாயமான கேள்விதான். பாப்பம்பட்டிப் பக்கத்துத் தோட்டத்து வீட்டிலிருந்து பஸ் நிற்கும் இடம்வரை யார் கொண்டுவந்து விடுவது? சைக்கிளுக்கு இங்கே பெரிய வேலை அந்த இரண்டு மூன்று கிலோமீட்டரில்தான். பஸ் ஸ்டாப் வரை சைக்கிள், அங்கிருந்து பஸ் என்று இரண்டையும் சேர்த்துக்கொண்டால் நேரமும் மிச்சம், தம்பியோ அப்பாவோ பைக்கில் கொண்டுவிட வேண்டிய அவசியமும் இல்லை. நிறுத்தத்தில் சைக்கிளைப் பூட்டி வைக்க ஒரு நிழல் வேண்டும். டீக்கடை ஓரமோ, தெரிந்தவர் வீட்டுத் திண்ணையோதான் இப்போதைக்கு அந்த ஸ்டாண்டு.

மேற்கே திரும்பினால் காற்று

நெய்க்காரப்பட்டி பழனிக்கு மேற்கே இருக்கிறது. வரைபடத்தில் சாதாரண விஷயம். சைக்கிள்காரருக்கு ஆனி, ஆடி, ஆவணி மூன்று மாதத்தின் தலையெழுத்தே அதில் இருக்கிறது.

மேற்குத் தொடர்ச்சி மலையில் பாலக்காட்டுக் கணவாய் என்று ஒரு பெரிய இடைவெளி. தென்மேற்குப் பருவக்காற்று அதன் வழியாக நுழைந்து பொள்ளாச்சி, உடுமலை, தாராபுரம், பழனிச் சமவெளி என்று கிழக்கே அடித்துக்கொண்டு வரும். உடுமலையிலும் தாராபுரத்திலும் வரிசை வரிசையாகக் காற்றாலை நிற்பதற்கு அதுதான் காரணம். காலையில் பழனிக்குப் போகும்போது அந்தக் காற்று முதுகைத் தள்ளும். மிதிக்காமலே ஓடுகிற மாதிரி இருக்கும். ‘நமக்கு நல்ல தம் இருக்கு’ என்று நினைத்துக்கொண்டே டவுனுக்குள் நுழைவோம். சாயங்காலம் நாலு மணிக்கு வீட்டுக்குத் திரும்பும்போதுதான் அது யாருடைய தம் என்பது விளங்கும்.

மணிக்கு 15 கிலோமீட்டர் வேகத்தில் போகிறீர்கள், எதிரே அதே வேகத்தில் காற்று வருகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். மார்பில் மோதுவது 30 கிலோமீட்டர் காற்று. வேகம் இரண்டு மடங்கானால் காற்றின் தடை நான்கு மடங்காகும். அதனால்தான் போகும்போது 35 நிமிடம் ஆன வழி திரும்பும்போது ஒரு மணி நேரத்தை விழுங்குகிறது. தொடை கனத்து, வாய் உலர்ந்து, ‘இனிமேல் சைக்கிளைத் தொட மாட்டேன்’ என்று சபதம் போடுபவர்கள் பெரும்பாலும் ஆடி மாதத்தில்தான் போடுகிறார்கள்.

காற்றை நிறுத்த முடியாது, ஏமாற்றலாம். பொதுவாகக் காலையில் வேகம் குறைந்து, மதியத்துக்கு மேல் ஏறி, இருட்டும்போது கொஞ்சம் தணியும். வேலை மதியமே முடிந்துவிட்டால் உச்சி வெயிலையும் உச்சக் காற்றையும் சேர்த்து வாங்காமல், ஐந்தரை மணிவரை டவுனில் இருந்து கிளம்புவது லாபம். முழங்கையை மடக்கி உடம்பைக் கொஞ்சம் தாழ்த்தினால் காற்று பிடிக்கும் பரப்பு குறையும். பட்டன் போடாமல் பறக்கும் சட்டை, தோளில் விரிந்த துப்பட்டா, ஹேண்டில்பாரில் தொங்கும் கட்டைப் பை எல்லாமே பாய்மரம்தான். பையைக் கேரியரில் இறுக்கிக் கட்டுங்கள்.

மெக்கானிக்கிடம் கேட்க வேண்டியது ஒன்று உண்டு. சாதாரண சைக்கிளில் பின்சக்கர பிரீவீல் பெரும்பாலும் 18 பல். அதைக் கழற்றி 20 பல் போட்டால், ஒவ்வொரு மிதிக்கும் காலுக்கு விழும் பாரம் பத்தில் ஒரு பங்கு குறையும். வேகமும் அதே அளவு குறையும்தான். எதிர்க்காற்றில் யாருக்கு வேகம் வேண்டும்? செயினில் ஒரு கண்ணி கூடுதலாகப் போட வேண்டி வரலாம். கியர் சைக்கிளுக்குப் பத்தாயிரத்துக்கு மேல் கொடுப்பதற்கு முன்னால் இந்தச் சின்ன வேலையைச் செய்து பார்க்கலாம். அடிவாரம் பக்கத்து ஏற்றத்துக்கும் அது கைகொடுக்கும்.

[பெட்டிச் செய்தி] கிளம்பும் முன் ஐந்து நிமிடம்

• காற்று: டயரைப் பெருவிரலால் அழுத்துங்கள். விரல் அமுங்கினால் காற்று போதாது. காற்று குறைந்த டயர் மிதிப்பவரின் பாதி உயிரை வாங்கும். பள்ளத்தில் இறங்கினால் ரிம் டியூபைக் கடித்து இரட்டைப் பஞ்சர் ஆகும்.

• சீட்டு உயரம்: பெடல் கீழே இருக்கும்போது அதன்மேல் குதிகாலை வைத்தால் கால் நேராக நீள வேண்டும். நம் ஊரில் தரையில் இரண்டு காலும் ஊன்றுகிற மாதிரி சீட்டை இறக்கிப் போட்டு ஓட்டுகிறோம். முட்டிவலிக்கு அதைவிட நிச்சயமான வழி கிடையாது.

• பிரேக்: கட்டை ரிம்மின் நடுவில் படிகிறதா பாருங்கள். குரோம் பூசிய இரும்பு ரிம் மழையில் நனைந்தால் பிரேக் பாதிகூடப் பிடிக்காது. மழையில் நிற்க வேண்டிய இடத்துக்கு வெகு முன்பே லேசாக அழுத்தி ரிம்மைத் துடைத்துக்கொள்ள வேண்டும்.

• செயின்: நடுவில் தூக்கினால் அரை அங்குலம் ஆடலாம். தையல் மெஷின் எண்ணெய் நாலு சொட்டு விட்டு, மேலே வழிந்ததைத் துணியால் துடையுங்கள். பைக்கில் வடித்த கறுப்பு ஆயிலை ஊற்றினால் புழுதி மொத்தமும் செயினில் ஒட்டும்.

• துணி: துப்பட்டா நுனியை இடுப்பில் முடியுங்கள். சேலைக்குச் சாரி கார்டும் செயின் கவரும் உள்ள சைக்கிள்தான் சரி. பேன்ட்டின் வலதுகால் நுனிக்கு ஒரு ரப்பர் பேண்ட்.

நாலு விரல் பள்ளம்

கரும்பு டிராக்டர் காட்சிக்கு வருவோம். தார் விளிம்பில் இந்தப் பள்ளம் எப்படி வந்தது? பழைய சாலையைச் சுரண்டி எடுக்காமல் அதன்மேலேயே புதுத் தார் போட்டால், ஒவ்வொரு முறையும் சாலை ஒன்றிரண்டு அங்குலம் உயரும். ஓரத்து மண்ணை யாரும் உயர்த்துவதில்லை. மழை வந்தால் அந்த மண்ணும் அரித்துப் போகும். கார்காரருக்கு இது கண்ணிலேயே படாது. சைக்கிளின் முன்சக்கரம் விளிம்புக்கு இணையாகச் சரிந்து இறங்கிவிட்டால் மறுபடி ஏற முயலும்போது டயர் விளிம்பில் தேய்ந்து வழுக்கும். சைக்கிள்காரர் விழுவது வலதுபக்கம், அதாவது பின்னால் வரும் வண்டியின் முன்னால்.

2021 மே மாதத்தில் அப்போதைய தலைமைச் செயலாளர் வெ.இறையன்பு, பழைய மேற்பரப்பைச் சுரண்டி எடுத்த பிறகே புதுத் தார் போட வேண்டும் என்று துறைகளுக்கு உத்தரவிட்டார். சாலை உயர்ந்து உயர்ந்து வீடுகள் பள்ளத்துக்குப் போகின்றன, மழைநீர் வாசலுக்குள் வருகிறது என்பது அன்றைய கவலை. அந்த உத்தரவு ஒழுங்காக நடந்தால் அதிகம் பிழைக்கப் போவது சைக்கிள்காரர்தான். அவரைப் பற்றி அன்றைக்கு யாரும் பேசவில்லை என்பது வேறு விஷயம்.

சாலை சரியாகும்வரை என்ன செய்வது? விளிம்பை ஒட்டி ஓட்டாதீர்கள். ஒரு கை நீளமாவது உள்ளே தள்ளி, நேர்கோட்டில் போங்கள். ‘ஓரமா போ’ என்று ஹாரன் அடிப்பார்கள். அடிக்கட்டும். ஹாரன் அடிக்கிறவர் உங்களைப் பார்த்துவிட்டார் என்று அர்த்தம், பார்க்காதவர்தான் ஆபத்து. ஓரத்தை நூல் பிடித்தமாதிரி ஒட்டி ஓட்டினால், இடம் இருக்கிறது என்று நினைத்து வண்டிகள் முழங்கையை உரசிக்கொண்டு போகும், உங்களுக்கு ஒதுங்க இடமும் மிஞ்சாது. இறங்கித்தான் ஆக வேண்டும் என்றால் வேகத்தைக் குறைத்து, காலை ஊன்றி, நின்று இறங்குங்கள். தப்பித்தவறி சக்கரம் இறங்கிவிட்டால் ஓட்டிக்கொண்டே ஏற்ற முயலவே கூடாது. பால்காரர் செய்ததுதான் முறை.

இன்னொரு எமன், மக்காச்சோளம். அறுவடைக் காலத்தில் பழனி, ஒட்டன்சத்திரம் வட்டாரச் சாலைகளில் பாதி களமாகிவிடும். வெயிலில் சூடேறிய தார்மேல் சோளம் சீக்கிரம் காயும். உலர்களம் பக்கத்தில் இல்லாத விவசாயியைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால், வண்டி ஏறாமல் இருக்கச் சுற்றிலும் வைத்த கல்லைச் சோளத்தை அள்ளும்போது அங்கேயே விட்டுவிட்டுப் போகிறார்களே, அதை எப்படிப் பொறுப்பது? பகலில் மஞ்சள் சோளம் தூரத்திலேயே தெரியும். இரவில் சோளம் இருக்காது, தலையளவு கருங்கல் மட்டும் தாரின் நிறத்திலேயே கிடக்கும். சிதறிய மணிகள் சக்கரத்துக்கு அடியில் பால்ரஸ் குண்டு மாதிரி உருளும். அறுவடை மாதங்களில் போகும்போது எந்தெந்த இடத்தில் காயப்போட்டிருக்கிறார்கள் என்று பார்த்து வைத்துக்கொள்ளுங்கள். திரும்பும்போது அங்கே இறங்கித் தள்ளினாலும் மானம் போகாது.

நாய் துரத்தினால் வேகமாக மிதிப்பதுதான் எல்லாருக்கும் முதலில் தோன்றும். ஓடினால் துரத்துவது நாயின் குணம். நிறுத்தி இறங்கி, நாய்க்கும் உங்களுக்கும் நடுவில் சைக்கிளை வைத்துக்கொண்டு நடந்தால் பத்தில் ஒன்பது நாய் குரைத்துவிட்டுத் திரும்பிவிடும். கடித்துவிட்டால் சோப்புப் போட்டுக் குழாய்த் தண்ணீரில் 15 நிமிடம் கழுவிவிட்டு நேராக அரசு மருத்துவமனை. தடுப்பூசி அங்கே இலவசம். மஞ்சள், மிளகாய்த்தூள் வைத்தியம் எதுவும் வேண்டாம்.

டவுனுக்குள் நுழைந்த பிறகு

பழனி சாதாரண டவுன் இல்லை. எந்த நாளும் வெளியூர் வண்டி. வழி தெரியாத டிரைவர், போர்டைத் தேடிக்கொண்டே ஓட்டுகிறவர், சட்டென்று பிரேக் போட்டு ‘அடிவாரம் எங்கண்ணே?’ என்று கேட்கிறவர். அதனால் எந்தக் காரின் வாலையும் பிடித்துக்கொண்டு போகாதீர்கள். நிற்கும் காரின் ஓரமாகப் போகும்போது கதவு திறக்கும் தூரம் விட்டுப் போங்கள்.

டவுன் பஸ்ஸுக்கு இடதுபக்கம் நுழைவது தற்கொலைக்குச் சமம். நிறுத்தத்தில் பஸ் நிற்கும்போது படியிலிருந்து ஆள் குதிப்பார், அல்லது பஸ் உங்களை ஓரத்தில் அணைத்துக்கொண்டே கிளம்பும். பஸ்ஸின் பின்னாலேயே நின்று, அது போனபின் போவதுதான் புத்தி. லாரிக்கும் அப்படியே. அதன் இடதுபக்கக் கண்ணாடியில் உங்கள் முகம் தெரியவில்லை என்றால் டிரைவருக்கு நீங்கள் இல்லை. வலதுபக்கம் திரும்ப வேண்டுமானால் நடுரோட்டில் நின்று கழுத்தைத் திருப்பிக்கொண்டிருக்காமல், சந்திப்பைத் தாண்டி இடது ஓரத்தில் நிறுத்தி, இறங்கி, நடப்பவராகக் கடந்துவிடுங்கள். அரை நிமிடம் கூடும், அவ்வளவுதான்.

மலையைச் சுற்றியுள்ள கிரிவலப் பாதையில் தனியார் வாகனங்களுக்கு உயர் நீதிமன்ற உத்தரவுப்படி 2024 முதல் தடை. பக்தர்களுக்குத் தேவஸ்தானம் பேட்டரி வண்டி விட்டிருக்கிறது. முன்பு குறுக்குவழியாக அந்தப் பாதையில் புகுந்து போனவர்கள் சைக்கிளையும் வெளியே பூட்டிவிட்டு நடப்பதே மரியாதை.

பூட்டு என்றதும் ஞாபகம் வருகிறது. புவிசார் குறியீடு பெற்ற பூட்டு தயாராகும் மாவட்டம் இது. திண்டுக்கல் பூட்டுக்கும் பழனிப் பஞ்சாமிர்தத்துக்கும் 2019இல்தான் அந்தப் பெருமை கிடைத்தது. இருந்தும் நம் சைக்கிள்கள் பின்சக்கரத்து வளையப் பூட்டை மட்டும் நம்பி நிற்கின்றன. பூட்டிய சைக்கிளை அப்படியே தூக்கி ஆட்டோவில் போட்டுக்கொண்டு போக இரண்டு நிமிடம் போதும். ஒரு முழம் சங்கிலியும் நல்ல பூட்டும் வாங்கி, சட்டத்தோடு சேர்த்துக் கம்பத்தில் கட்டுங்கள்.

தைப்பூசத்துக்கும் பங்குனி உத்திரத்துக்கும் முன்னால் சில நாட்கள் எல்லாக் கணக்கும் மாறும். விடிய விடியப் பாதயாத்திரைக் கூட்டம். போலீஸார் யாத்திரிகர்களின் பையிலும் முதுகிலும் ஒளிரும் ஸ்டிக்கர் ஒட்டி அனுப்புவதைப் பார்த்திருப்பீர்கள். அதே ஸ்டிக்கரைச் சைக்கிளின் பின் மட்கார்டிலும் பெடலிலும் வருஷம் முழுக்க ஒட்டி வைக்கலாம். ஒளிரும் பெடல் மேலும் கீழும் அசையும். அசையும் வெளிச்சத்தைப் பார்த்ததும் ‘சைக்கிள்’ என்று டிரைவரின் மூளைக்கு எட்டிவிடும்.

இருட்டில் ஒரு நிழல்

அந்தக் காலத்தில் விளக்கில்லாமல் சைக்கிளில் போனால் போலீஸ் பிடிக்கும், டபுள்ஸ் போனால் பிடிக்கும், லைசென்ஸ் வில்லை இல்லாவிட்டாலும் பிடிக்கும். டயரில் உரசி ‘உய்ங்’ என்று பாடும் டைனமோ அன்று பலருக்கும் கௌரவம். இப்போது யாரும் பிடிப்பதில்லை, விளக்கும் இல்லை. மத்திய அரசின் தர ஆணைப்படி 2023 ஜனவரி முதல் புதுச் சைக்கிள்கள் பிரதிபலிப்பான்களோடுதான் வர வேண்டும். பழைய சைக்கிளுக்கு யார் மாட்டுவது?

பின்னால் ஒரு சிவப்பு மினுக்கு விளக்கு, முன்னால் ஒரு டார்ச். இரண்டும் சேர்த்துச் சில நூறு ரூபாய்க்குள் முடியும். முன்விளக்கு உங்களுக்கு வழி காட்ட. பின்விளக்கு உங்களை மற்றவர்களுக்குக் காட்ட. ஒன்றுதான் வாங்கக் காசு இருக்கிறது என்றால் பின்விளக்கை வாங்குங்கள். சாயம்போன பச்சைச் சட்டை, கறுப்புச் சால்வை போர்த்திக்கொண்டு மார்கழிப் பனியில் போகிறவர், எதிரே வரும் வண்டி வெளிச்சத்தில் கண் கூசிய பின்வண்டிக்காரருக்குக் கடைசி நொடிவரை தெரிய மாட்டார்.

[பெட்டிச் செய்தி] சாலை சொல்லும் எண்கள்

• 2022இல் இந்தியச் சாலை விபத்துகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர். நடந்து போனவர்கள் மட்டும் 32,825. சைக்கிளில் போனவர்கள் மொத்தத்தில் ஏறத்தாழ 3 சதவீதம்.

• அதே ஆண்டில் தமிழகத்தில் 64,105 விபத்துகள். எண்ணிக்கையில் நாட்டிலேயே முதலிடம். இறந்தவர்கள் 17,884 பேர்.

• 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி இந்தியாவில் நூற்றுக்கு ஏறத்தாழ 45 வீடுகளில் சைக்கிள் இருந்தது.

• ஐ.நா. சபை ஜூன் 3ஆம் தேதியை உலக சைக்கிள் நாளாக 2018இல் அறிவித்தது. 2020இல் அதே நாளில்தான் அட்லஸ் சைக்கிள் நிறுவனத்தின் கடைசித் தொழிற்சாலையும் உற்பத்தியை நிறுத்தியது.

புதுக்கோட்டையில் மிதித்த பெண்கள்

தமிழ்நாட்டில் சைக்கிள் என்றால் புதுக்கோட்டையைச் சொல்லாமல் இருக்க முடியாது. 1991இல் அங்கே அறிவொளி இயக்கம் தொடங்கியபோது கலெக்டர் ஷீலாராணி சுங்கத். எழுத்தறிவோடு பெண்களுக்குச் சைக்கிளும் கற்றுக்கொடுத்தார்கள். வயல் வேலைக்குப் போகிறவர்கள், கல்குவாரியில் உடைக்கிறவர்கள், நர்ஸுகள், ஆசிரியைகள் என்று ஆயிரக்கணக்கானோர் கற்றார்கள். கடன் வாங்கிக் கொடுக்க வங்கிகளிடம் பேசினார்கள். லேடீஸ் சைக்கிள் தட்டுப்பாடானபோது பெண்கள் ஆண்கள் சைக்கிளையே வாங்கினார்கள். நடுக்கம்பியில் குழந்தையை உட்காரவைக்கலாம் என்பது கூடுதல் வசதி. பத்திரிகையாளர் பி.சாய்நாத் இதைப் பற்றி எழுதிய பிறகுதான் வெளியுலகம் நிமிர்ந்து பார்த்தது. கேலி செய்த ஆண்கள் இருந்தார்கள். சைக்கிளில் வந்த பெண்கள் தண்ணீர் எடுத்தார்கள், விளைந்ததைச் சந்தைக்குக் கொண்டுபோனார்கள். யாருக்காகவும் காத்திருக்க வேண்டியிருக்கவில்லை.

அடுத்த அலை அரசுப் பள்ளி வழியாக வந்தது. 2001-02இல் ஆதிதிராவிட, பழங்குடி மாணவிகளுக்காகத் தொடங்கிய விலையில்லா சைக்கிள் திட்டம், 2005-06இல் அரசு, அரசு உதவிபெறும் பள்ளிகளின் பிளஸ் ஒன் மாணவ மாணவியர் அனைவருக்கும் விரிந்தது. பீகார் 2006இல் ஒன்பதாம் வகுப்பு மாணவிகளுக்குச் சைக்கிள் திட்டம் கொண்டுவந்தது. அதைப் பொருளாதார அறிஞர்கள் கார்த்திக் முரளிதரனும் நிஷித் பிரகாஷும் ஆராய்ந்தபோது, உயர்நிலைப் பள்ளியில் சேரும் பெண்கள் 32 சதவீதம் கூடியிருந்தார்கள். அதிகப் பலன் பள்ளிக்கு 3 கிலோமீட்டருக்கு அப்பால் இருந்த ஊர்களில்தான்.

நம் பக்கம் அந்தச் சைக்கிள் படும் பாடு தனிக் கதை. கொடுத்த சில மாதத்தில் விற்றுவிடுகிறார்கள் என்ற புகார் பழசு. விற்பவரைத் திட்டுவதற்கு முன்னால், பள்ளியில் நிழலான சைக்கிள் நிறுத்தம் இருக்கிறதா, பஞ்சர் ஒட்ட ஆள் இருக்கிறதா என்று பார்க்க வேண்டும். பிளஸ் ஒன் வரும்வரை சைக்கிளையே தொடாத பிள்ளைகள் இப்போது ஏராளம். ‘குரங்கு பெடல்’ படத்தை 2024இல் தியேட்டரில் பார்த்து அப்பாக்கள் நெகிழ்ந்தார்கள்; அருகில் உட்கார்ந்த பிள்ளைகளுக்குக் குரங்குப் பெடல் என்றால் என்ன என்று விளக்க வேண்டியிருந்தது. சின்னக்கலையம்புத்தூரில் பழனியாண்டவர் மகளிர் கலைக் கல்லூரி இருக்கிறது. சுற்றியுள்ள ஊர்களிலிருந்து மாணவிகள் மிதித்துப் போகக்கூடிய தூரம்தான். ஓட்டத் தெரிந்தால் போதுமா, சாலையில் ஓட்டத் தெரிய வேண்டாமா? பள்ளி மைதானத்தில் ஒரு வாரம் கை காட்டித் திரும்பவும், பின்னால் பார்த்துக்கொண்டே நேராக ஓட்டவும் சொல்லிக் கொடுத்துவிட்டுச் சைக்கிளைக் கொடுத்தால் என்ன?

நாலுவழிச் சாலையின் தவறான பக்கம்

பொள்ளாச்சியிலிருந்து திண்டுக்கல் நோக்கி வரும் நெடுஞ்சாலை நான்குவழியாகிவிட்ட இடங்களில் காருக்கு ஏக சந்தோஷம். சைக்கிளுக்கு? எதிர்ப்பக்கத் தோட்டத்துக்குப் போக வேண்டியவர், நடுத்தடுப்பில் இடைவெளி வரும்வரை போய்த் திரும்பி வர வேண்டும். மிதிக்கிறவருக்கு ஒன்றிரண்டு கிலோமீட்டர் கூடுதல் என்பது கால் மணி நேரம். ஆகவே ஓரமாக எதிர்த்திசையில் வருகிறார். தப்புதான், ஆனால் சாலையை வரைந்தவர் அவரை அந்தத் தப்புக்குள் தள்ளியிருக்கிறார். நூறு கிலோமீட்டர் வேகத்தில் வரும் காருக்கு எதிராக மிதிப்பது எந்த அவசரத்துக்கும் தகாது. சர்வீஸ் ரோடு இருக்கும் இடத்தில் அதைப் பயன்படுத்துங்கள். இல்லாத இடத்தில் ஊர்வழிப் பழைய சாலையே கதி. நெய்க்காரப்பட்டிக்காரர்களுக்குப் பெரியகலையம்புத்தூர் வழியாக வரும் கொழுமம் சாலை இருப்பது ஒரு கொடுப்பினை. கொஞ்சம் குறுகல், கொஞ்சம் பள்ளம். ஆனாலும் ஓடும் வண்டிகளின் வேகம் குறைவு.

நெதர்லாந்து பிறவியிலேயே சைக்கிள் நாடு என்று நாம் நினைக்கிறோம். அங்கேயும் கார் வந்து சைக்கிளை விரட்டியது. 1971இல் அந்தச் சின்ன நாட்டில் சாலை விபத்தில் இறந்தவர்கள் 3,300 பேர். அதில் 400க்கும் மேல் குழந்தைகள். பெற்றோர் தெருவில் உட்கார்ந்து போராடிய பிறகுதான் அரசு தனிப்பாதை போடத் தொடங்கியது. யாழ்ப்பாணத்தில் நிலைமை தலைகீழ். 1990களில் போரும் பொருளாதாரத் தடையும் பெட்ரோலை அறுத்தபோது மூட்டை, நோயாளி, மணப்பெண் எல்லாமே சைக்கிளில்தான் போயின. 2022இல் இலங்கையில் பெட்ரோலுக்கு மைல் கணக்கில் வரிசை நின்றபோது சைக்கிள் விலை எகிறியது. பழைய சைக்கிளைப் பரணிலிருந்து இறக்கினார்கள். நமக்கு அந்தக் கஷ்டம் வர வேண்டாம். வருவதற்கு முன்பே பரணிலிருந்து இறக்கலாம்.

இறக்கினால் பழுது பார்க்க ஆள் வேண்டும். தெருவுக்கொரு வாடகை சைக்கிள் கடை இருந்த காலம் போய்விட்டது. தொட்டித் தண்ணீரில் டியூபை முக்கி, குமிழி வரும் இடத்தில் தீக்குச்சி குத்தி அடையாளம் வைத்து, உப்புத்தாளால் தேய்த்து, சொல்யூஷன் தடவி ஊதி ஊதிக் காயவைத்து ஒட்டுகிற கை இப்போது பைக் பஞ்சருக்கே போய்விட்டது. டியூப்லெஸ் வந்ததும் அதுவும் குறைந்தது. ஊரில் மிச்சமிருக்கும் கடைக்காரரை வருடத்துக்கு ஒருமுறை ஓவராயிலுக்காவது தேடிப் போங்கள். கப், கோன், பால்ரஸ் மாற்றி, ஸ்போக்ஸ் இறுக்கிக் கோட்டம் எடுத்தால் பத்து வருடச் சைக்கிளும் புதுசாக ஓடும். கூடவே, பஞ்சர் ஒட்ட நீங்களும் கற்றுக்கொள்ளுங்கள். பத்து கிலோமீட்டருக்கு நடுவில் பஞ்சரானால் அங்கே கடை இருக்காது.

யாரிடம் கேட்பது?

தார் விளிம்பு, கைவிட்ட கருங்கல், விளக்கில்லாத டிராக்டர் எல்லாவற்றுக்கும் மனு கொடுக்க இடம் உண்டு. திங்கட்கிழமைதோறும் திண்டுக்கல் கலெக்டர் அலுவலகத்தில் மக்கள் குறைதீர் நாள். மாவட்டச் சாலைப் பாதுகாப்புக் குழுவுக்கும் கலெக்டர்தான் தலைவர். ஆனால் ‘எங்க ஊர் ரோடு சரியில்லை’ என்று பொதுவாக எழுதினால் மனு ஒரு மேஜையிலிருந்து இன்னொரு மேஜைக்குப் போய்க்கொண்டே இருக்கும். அந்த இடத்துக்குப் பக்கத்தில் இருக்கும் கிலோமீட்டர் கல்லைப் பாருங்கள். தலை மஞ்சள் என்றால் தேசிய நெடுஞ்சாலை, பச்சை என்றால் மாநில நெடுஞ்சாலை. நீலமோ கறுப்போ என்றால் மாவட்டச் சாலை, அதையும் மாநில நெடுஞ்சாலைத் துறைதான் பார்க்கிறது. ஆரஞ்சு என்றால் கிராமச் சாலை, ஊராட்சி ஒன்றியத்தைக் கேளுங்கள். பேரூராட்சி எல்லைக்குள் உள்ள தெரு என்றால் செயல் அலுவலர். கல்லில் இருக்கும் எண்ணை எழுதுங்கள். அதிலிருந்து எத்தனை மீட்டரில், எந்தப் பக்கத்தில், விளிம்பு எத்தனை அங்குலம் இறங்கியிருக்கிறது என்று ஸ்கேல் வைத்து அளந்து, ஸ்கேலோடு சேர்த்துப் போட்டோ எடுத்து இணையுங்கள். மனு ரசீது எண்ணை வாங்காமல் கிளம்பாதீர்கள்.